கனவுலகும் நனவுலகும் சமாதானம் செய்துகொண்டால் உடன்படிக்கையில் என்னென்ன ஷரத்துகள் இருக்கும்?

நாவல் எழுதிக்கொண்டிருக்கும் ஒருவர் கேட்டிருக்கிறார்: "கனவுலகும் நனவுலகும் நீண்ட காலம் போரிட்டுக் களைத்து ஒரு சமாதான உடன்படிக்கைக்கு வருகின்றன. அதன் ஷரத்துகள் வாசகர் நம்பும்படி இருக்க வேண்டும். என்னென்ன எழுதலாம்? முதலில் மீறப்போவது யார்? கையெழுத்திடுவது யார்?"

உடலியங்கியல் பாடம் நடத்துபவன் என்ற முறையில் பதில் சொல்கிறேன். நீங்கள் கற்பனை செய்யும் உடன்படிக்கை ஏற்கெனவே அமலில் இருக்கிறது. நம் ஒவ்வொருவரின் மூளைத்தண்டிலும் ஒவ்வோர் இரவும் நான்கைந்து முறை அது நிறைவேற்றப்படுகிறது. 1953இல் சிகாகோ பல்கலைக்கழகத்தில் யூஜின் அசெரின்ஸ்கியும் நத்தானியேல் கிளைட்மனும், உறங்குபவரின் மூடிய இமைகளுக்குள் விழிகள் விரைந்து அசையும் நேரங்கள் உண்டு என்றும், அப்போது எழுப்பினால் பெரும்பாலும் கனவு சொல்கிறார்கள் என்றும் அறிவித்தார்கள். அந்த 'ரெம் உறக்கம்' கண்டுபிடிக்கப்பட்ட நாளிலிருந்து இரு உலகங்களுக்கும் இடையிலான விதிகளை ஆய்வாளர்கள் ஒவ்வொன்றாகப் படித்தெடுத்து வருகிறார்கள். புதிதாக விதிகளைப் புனைவதைவிட இவற்றையே உங்கள் ஷரத்துகளாக எடுத்துக்கொள்ளுங்கள் என்பது என் யோசனை. மந்திரவாதமே வேண்டாம் என்று சொல்லவில்லை. இவை மந்திரவாதத்தைவிட விசித்திரமானவை என்பதால் சொல்கிறேன்.

வடிவத்துக்கு ஒரு நல்ல முன்மாதிரி உண்டு. எகிப்தின் இரண்டாம் ராம்சேசும் ஹிட்டைட் அரசன் மூன்றாம் ஹட்டுசிலியும் சுமார் பொ.ஆ.மு. 1259இல் செய்துகொண்ட உடன்படிக்கை அது. இரு நாடுகளும் மோதிய காதேஷ் போர் நடந்து சுமார் பதினைந்து ஆண்டுகள் கழித்து எழுதப்பட்டது. எகிப்தின் பிரதி கார்னாக் கோயில் சுவரில் இருக்கிறது. ஹிட்டைட் பிரதி, களிமண் பலகைகளாக இன்றைய துருக்கியில் கிடைத்தது. இரண்டையும் ஒப்பிட்டவர்கள் ஒரு விஷயத்தைக் கவனித்தார்கள். சமாதானம் கேட்டு வந்தது ஹிட்டைட்டுகள்தான் என்கிறது எகிப்தியப் பிரதி. எகிப்துதான் என்கிறது மற்றது. உங்கள் உடன்படிக்கையின் முகவுரையையும் அப்படியே இரு பிரதிகளாக எழுதுங்கள். ஏனென்றால் இந்த வழக்கிலும் யார் மூத்தவர், யார் யாரிடம் வந்தார் என்பதில் உண்மையான தகராறு உண்டு. நனவு தன்னை மூத்ததாக நினைத்துக்கொள்கிறது. ஆனால் பிறந்த குழந்தை நாளின் பெரும்பகுதியை உறங்கியே கழிக்கிறது. அந்த உறக்கத்தில் ஏறக்குறையப் பாதி ரெம் வகையைச் சேர்ந்தது. வளர்ந்தவர்களிடம் அது 20 முதல் 25 விழுக்காடாகச் சுருங்கிவிடுகிறது. குழந்தை கனவு காண்கிறதா என்று அதனிடமே கேட்க வழியில்லை என்பது வேறு விஷயம். ஆனால் கனவின் நிலம் முதலில் பரந்து கிடந்தது, நனவுதான் அதைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பிடித்துக்கொண்டது என்று கனவுத் தரப்பு வாதிட இது போதுமான ஆவணம்.

திருக்குறளின் 122ஆம் அதிகாரமும் கனவுத் தரப்பின் மனுவைப் போலவே எனக்குத் தோன்றும். 'கனவுநிலை உரைத்தல்' என்ற அந்த அதிகாரத்தில், நனவு என்ற ஒன்று இல்லாமலிருந்தால் கனவில் வந்த காதலர் பிரிந்தே போகமாட்டாரே என்கிறாள் தலைவி (குறள் 1216). இதைவிடச் சுருக்கமாக நனவின் மேல் குற்றம் சாட்ட முடியாது. முகவுரையில் கனவுத் தரப்பின் குரல் இந்தத் தலைவியின் குரலாக இருந்தால் நன்றாக இருக்கும்.

முதல் ஷரத்து படைக்கலைப்பு. போர் முடிந்ததும் பல உடன்படிக்கைகள் பேசும் விஷயம் இது. கனவு நடக்கும்போது மூளையின் இயக்கப் பகுதிகள் முழு வேகத்தில் கட்டளை பிறப்பிக்கின்றன: ஓடு, அடி, குதி. அந்தக் கட்டளைகள் தசைகளுக்குப் போய்ச் சேர்ந்தால் நாம் ஒவ்வோர் இரவும் படுக்கையிலிருந்து எழுந்து ஓடிக்கொண்டிருப்போம். அதைத் தடுக்க மூளைத்தண்டின் பான்ஸ் பகுதியிலிருந்து ஒரு தடையுத்தரவு கீழே இறங்குகிறது. கிளைசின், காபா என்ற இரு வேதிப்பொருள்கள் தண்டுவடத்தின் இயக்க நரம்பணுக்களை அடக்கிவைக்கின்றன. கை, கால், கழுத்து எல்லாம் தளர்ந்துவிடுகின்றன. முக்கியமான விலக்குகள் இரண்டு உண்டு. மூச்சுக்கு உதரவிதானம்; பார்ப்பதற்கு ஒன்றுமில்லாதபோதும் அலைந்துகொண்டிருக்கும் கண்கள். அந்தக் கண் விலக்கை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், கடைசியில் தேவைப்படும்.

இந்த ஷரத்து இருப்பது எப்படித் தெரிந்தது? பிரான்சின் லியோன் நகரில் மிஷேல் ஜுவே பூனைகளை ஆராய்ந்தார். 1959இல் அவர் இந்த உறக்கத்துக்கு 'முரண் உறக்கம்' என்று பெயரிட்டார்: மூளை விழித்திருப்பதைப் போல இயங்குகிறது, உடல் துணியாய்க் கிடக்கிறது. பிறகு பான்ஸின் ஒரு சிறு பகுதியைச் சிதைத்தபோது தடையுத்தரவு நின்றுபோனது. பூனைகள் உறக்கத்திலேயே தலை தூக்கின, எழுந்தன, இல்லாத இரையைப் பதுங்கிப் பின்தொடர்ந்து பாய்ந்தன. எதிரில் உண்மையாக இருந்ததை அவை கவனிக்கவில்லை. 1986இல் அமெரிக்காவின் மினியாபொலிசில் கார்லோஸ் ஷெங்க், மார்க் மஹோவால்ட் இருவரும் இதே நிலையில் இருந்த மனிதர்களைப் பற்றி எழுதினார்கள். கனவில் தாக்க வருபவனை எதிர்த்துப் போராடுவதாக நினைத்து அருகில் உறங்கும் மனைவியை அடித்துவிடும் முதியவர்கள் இவர்கள். இதை வெறும் கெட்ட கனவு என்று வீட்டில் தள்ளிவிடக் கூடாது. இந்த நோய் உள்ளவர்களில் பெரும்பாலோருக்குச் சில ஆண்டுகளிலோ பல ஆண்டுகளிலோ பார்க்கின்சன் அல்லது அதைச் சார்ந்த மறதி நோய் வருகிறது என்பது இப்போது தெரியும். நாவலுக்கு வெளியேயும் சொல்லிவைக்கிறேன்: வீட்டில் யாராவது உறக்கத்தில் கத்திக் கைகால்களை வீசினால் நரம்பியல் மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள்.

எதிர்த் திசையிலும் மீறல் உண்டு. கனவு முடிந்து நனவு எல்லைக்குள் வந்த பிறகும் தடையுத்தரவு சில நொடிகளோ சில நிமிடங்களோ விலகாமல் நின்றுவிடும். கண் திறந்திருக்கும், அறை தெரியும், விரலை அசைக்க முடியாது. மார்பின் மேல் யாரோ உட்கார்ந்து அழுத்துவதைப் போலிருக்கும், மூலையில் ஓர் உருவம் நிற்கும். நம் ஊர்களில் அமுக்குவான் பேய் என்பார்கள். கனடாவின் நியூஃபவுண்ட்லாந்தில் கிழவி வந்து உட்கார்ந்தாள் என்பார்கள். ஜப்பானில் அதற்குக் கனாஷிபாரி என்று பெயர். நூற்றில் ஏழெட்டுப் பேராவது வாழ்நாளில் ஒருமுறை இதை அனுபவிக்கிறார்கள். இத்தனை ஊர்களில் ஒரே பேய் வருவதற்குக் காரணம், எல்லோர் உடலிலும் ஒரே ஷரத்து, ஒரே விதமான தாமதம். மார்பு அழுத்துவதைப் போலிருப்பதற்கும் காரணம் உண்டு: மூச்சுக்கு உதவும் மற்ற தசைகள் இன்னும் தளர்ந்தே இருக்க, உதரவிதானம் மட்டும் தனியாக உழைக்கிறது, ஆழமாக மூச்சிழுக்க நினைத்தால் முடிவதில்லை. இது உயிரைப் பறிப்பதில்லை. பயந்துபோய் வருகிற மாணவர்களிடம் நான் இந்த விளக்கத்தைச் சொல்லியிருக்கிறேன். காரணம் தெரிந்தாலே பாதி பயம் போய்விடுகிறது.

இரண்டாவது ஷரத்தில்தான் எழுத்தாளர்கள் பெரும்பாலும் கோட்டை விடுகிறார்கள். இரு உலகங்கள் என்றதும் அவற்றுக்கு நடுவே ஒரே ஒரு கோடு என்று வைத்துவிடுகிறார்கள். உண்மையில் இடையில் மூன்றாவது நாடு ஒன்று இருக்கிறது. சைவ சித்தாந்தம் உயிரின் நிலைகளை எண்ணும்போது நனவு, கனவுக்குப் பிறகு உறக்கத்தைத் தனியாகவே வைக்கிறது. மாண்டூக்ய உபநிடதமும் அப்படித்தான். அந்தப் பிரிவினை உடலியங்கியலுக்கும் பொருந்துகிறது. நலமாக இருக்கும் பெரியவர் ஒருவர் விழிப்பிலிருந்து நேரடியாக ரெம் உறக்கத்துக்குள் நுழைவதில்லை. முதலில் ஆழ்ந்த உறக்கத்தைக் கடக்க வேண்டும். ஏறக்குறைய 90 நிமிடங்கள் கழித்தே முதல் ரெம் வருகிறது. ஆகவே ஷரத்து இப்படி இருக்கலாம்: நனவிலிருந்து புறப்படும் பயணி, மூன்றாம் நாட்டின் வழியாகவன்றி கனவின் எல்லைக்குள் நுழையக் கூடாது. அந்த நாட்டில் பேச்சு இல்லை, காட்சி பெரும்பாலும் இல்லை. எந்தத் தரப்புக்கும் சேராத நிலம்.

இந்த எல்லையைக் காக்கும் காவலர்கள் யார் என்பதும் தெரியும். 1998இல் இரண்டு ஆய்வுக் குழுக்கள் தனித்தனியாகக் கண்டுபிடித்த ஓரெக்சின் என்ற வேதிப்பொருளைச் சுரக்கும் நரம்பணுக்கள் மூளையின் அடிப்பகுதியிலுள்ள ஹைப்போதலாமஸில் இருக்கின்றன. விழிப்பை நிலையாகப் பிடித்துவைப்பது அவற்றின் வேலை. நார்கோலெப்சி என்ற நோயின் முக்கிய வகையில் இந்த அணுக்கள் அழிந்துபோகின்றன. அதன் பிறகு எல்லையில் காவல் இல்லை. அந்த நோயாளி பகலில் உட்கார்ந்த இடத்திலேயே நேராகக் கனவுக்குள் விழுகிறார். இன்னும் கொடுமை, வயிறு குலுங்கச் சிரிக்கும்போது திடீரென முழங்கால் மடங்கிச் சரிந்துவிடுகிறார். கனவுக்கென வைத்திருந்த தசைத்தளர்ச்சி முழு விழிப்பில் வந்து இறங்குகிறது. தனக்குப் பிடித்தவர்களோடு சிரிக்கவே பயந்து வாழ்பவர்கள் இவர்களில் உண்டு. சோம்பேறி என்றும் நடிக்கிறார் என்றும் சொல்லப்பட்டு, பல ஆண்டுகள் கழித்தே நோய் கண்டறியப்படுகிறது. எல்லையோரக் கிராமத்தில் வாழும் ஒரு பாத்திரம் உங்களுக்கு வேண்டுமென்றால் இப்படி ஒருவரை எழுதுங்கள். அவருக்கு நியாயம் செய்யும் கதை தமிழில் வர வேண்டும் என்று விரும்புகிறேன்.

மூன்றாவது, போக்குவரத்தும் சுங்கமும். கனவுக்குள் போகும் சரக்கில் தடை குறைவு. முந்தைய நாளின் துண்டுகள் போகின்றன. ஐந்து முதல் ஏழு நாட்களுக்கு முன் நடந்தவையும் மறுபடி தலைகாட்டுவதாக ஆய்வுகள் சொல்கின்றன. 1958இல் வில்லியம் டிமென்ட்டும் எட்வர்ட் வோல்பெர்ட்டும் ரெம் உறக்கத்தில் இருந்தவர்கள் மேல் தண்ணீர் தெளித்துப் பார்த்தபோது, கூரை ஒழுகுவதைப் போன்ற காட்சிகள் சிலர் கனவில் நுழைந்தன. திரும்பி வரும் வழியில்தான் கெடுபிடி. ரெம் நேரத்தில் மூளைத்தண்டிலுள்ள லோகஸ் செருலியஸ் என்ற நரம்பணுத் திரள் ஏறக்குறைய மௌனமாகிவிடுகிறது. நினைவைப் பதியவைக்க உதவும் நாரட்ரீனலின் என்ற வேதிப்பொருள் அப்போது ஏறக்குறைய வருவதில்லை. 2019இல் சுண்டெலிகளில் நடந்த ஓர் ஆய்வு மேலும் ஒரு படி போய், ரெம் உறக்கத்தில் விழிக்கும் சில ஹைப்போதலாமஸ் அணுக்கள் நினைவை அழிப்பதில் பங்கேற்கின்றன என்று காட்டியது. ஆக, கனவை நாம் மறப்பது கவனக்குறைவால் மட்டும் நேர்வதில்லை போலிருக்கிறது. பறிமுதல் செய்ய ஆள் இருக்கிறது.

இந்தச் சுங்கம் யாருடைய நன்மைக்கு? நான் நனவின் பக்கம் நின்று சொல்கிறேன்: கனவில் நடந்த சண்டையும் கனவில் இறந்தவரும் கனவில் திருப்பிக் கொடுத்த கடனும் உண்மை நினைவுகளோடு கலந்துவிட்டால் ஒரு வாரத்தில் யார் வாழ்க்கையும் குலைந்துவிடும். காதேஷ் உடன்படிக்கையில் ஓடிவந்தவர்களைத் திருப்பி அனுப்பும் ஷரத்து ஒன்று உண்டு. திருப்பி அனுப்பப்படுபவன் மேல் குற்றம் சாட்டக் கூடாது; அவன் வீட்டையும் மனைவி மக்களையும் அழிக்கக் கூடாது; அவன் கண்ணுக்கும் காதுக்கும் வாய்க்கும் காலுக்கும் ஊறு செய்யக் கூடாது என்று அது சொல்கிறது. அதை அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள். கனவில் ஒருவர் செய்ததற்கு நனவில் அவரைத் தண்டிக்கக் கூடாது. கனவில் தன்னை ஏமாற்றிய கணவன்மேல் காலையில் கோபப்படும் மனைவி முதல், கனவில் செய்த பாவத்துக்காக மனம் குமையும் பக்தர் வரை எல்லோருக்கும் இந்த மன்னிப்பு தேவை. கனவு நேரத்தில் முன்மூளையின் சீர்தூக்கும் பகுதிகள் அடங்கியிருப்பதை 1990களின் மூளைப் படங்கள் காட்டின. நீதிபதி இல்லாத நேரத்தில் நடந்தவற்றுக்கு வழக்குத் தொடுக்க முடியாது.

நான்காவது ஷரத்துக்கு வருகிறேன். உங்கள் இரண்டாவது கேள்விக்கும் இங்குதான் பதில் இருக்கிறது. கனவுக்கு ஒதுக்கப்பட்ட நேரம் இரவு முழுவதும் சமமாகப் பரவியில்லை. இரவின் முற்பகுதியில் ஆழ்ந்த உறக்கம் அதிகம், ரெம் சில நிமிடங்கள்தான். விடியலை நெருங்க நெருங்க ரெம் நீள்கிறது. எட்டு மணி நேரம் உறங்க வேண்டியவரை ஆறு மணி நேரத்தில் எழுப்பிவிட்டால் அவர் இழப்பது உறக்கத்தில் கால் பங்கு. கனவு நேரத்தில் அதைவிட மிக அதிகம். அதாவது அலாரம் வைப்பவர் கனவின் மிகச் செழிப்பான மாவட்டத்தை ஆக்கிரமிக்கிறார். மதுவும் அதையே வேறு விதமாகச் செய்கிறது: இரவின் முதல் பாதியில் ரெம்மை அமுக்குகிறது, பின்னிரவில் அது திமிறிக்கொண்டு வருகிறது. இரவுப்பணி, நள்ளிரவு வரை கையில் ஒளிரும் திரை எல்லாமே ஒரே திசையில் நடக்கும் அத்துமீறல்கள். ஆகவே உங்கள் நாவலில் உடன்படிக்கையை முதலில் மீறுவது நனவாகத்தான் இருக்க வேண்டும். கனவை வில்லனாக்கும் கதைகள் ஏராளமாக வந்துவிட்டன. அவை உண்மைக்குப் புறம்பானவை.

இதில் எனக்குக் கோபமே உண்டு. பொதுத்தேர்வு வந்தால் விடியற்காலை நான்கு மணிக்குப் பிள்ளையை எழுப்பிப் படிக்க உட்காரவைப்பது நம்மிடம் பெருமையாகப் பேசப்படுகிறது. பதின்ம வயதில் உடலின் கடிகாரம் இயல்பாகவே பின்தள்ளிப் போகிறது. அவர்களால் சீக்கிரம் உறங்கிவிட முடியாது. பதினோரு மணிக்குப் படுத்த பிள்ளையை நான்கு மணிக்கு எழுப்பினால் அவர்களுக்குக் கிடைத்திருக்க வேண்டிய ரெம் உறக்கத்தின் பெரும்பகுதி பறிபோகிறது. படித்ததை மனத்தில் நிலைக்கவைக்கும் வேலை உறக்கத்தில்தான் பெரிதும் நடக்கிறது என்ற நிலையில், படிப்பின் பெயரால் இதைச் செய்வது எனக்குப் புரிந்ததே இல்லை.

கனவு சும்மா இருக்குமா? 1960இல் டிமென்ட், ரெம் தொடங்கும் ஒவ்வொரு முறையும் ஆட்களை எழுப்பிவிட்டார். நாளுக்கு நாள் எழுப்ப வேண்டிய தடவைகள் கூடிக்கொண்டே போயின. பிறகு நிம்மதியாக உறங்கவிட்டபோது கனவு நேரம் வழக்கத்தைவிட அதிகரித்தது. பறித்த நிலத்துக்குக் கனவு ஓரளவு இழப்பீடு வாங்கிக்கொள்கிறது. விதிவிலக்குகளையும் சொல்வது நியாயம். மனச்சோர்வுக்கான பல மாத்திரைகள் ரெம்மைக் கணிசமாகக் குறைக்கின்றன. அதனால் நினைவாற்றல் இடிந்துவிடுவதில்லை. வடபசிபிக்கின் ஃபர் சீல்கள் கடலில் இருக்கும் வாரங்களில் ரெம் இல்லாமலே கிட்டத்தட்டக் காலம் தள்ளுகின்றன; கரைக்கு வந்த பிறகும் பெரிய பாக்கி எதையும் வசூலிப்பதில்லை என்று 2018இல் வெளிவந்த ஆய்வு சொன்னது. ஒருவேளை அவற்றின் உடன்படிக்கை வேறு. உங்கள் நாவலில் கடல் வந்தால் இதைப் பயன்படுத்திக்கொள்ளலாம்.

திருத்தம் செய்யும் வழியும் வேண்டும். போரையோ வன்முறையையோ கண்டவர்களுக்கு ஒரே பயங்கரம் இரவு தோறும் திரும்பத் திரும்ப வருகிறது. அதற்கு ஒரு எளிய சிகிச்சை முறை இருக்கிறது: பகலில் அந்தக் கனவை எடுத்து, அதன் போக்கைத் தாம் விரும்பியபடி மாற்றி எழுதி, புதிய வடிவத்தைத் தினமும் சில நிமிடங்கள் மனத்தில் ஓட்டிப் பார்ப்பது. பாரி க்ராகோவ் என்ற மருத்துவர் பாலியல் வன்முறைக்கு ஆளான பெண்களிடம் இதை நடத்திப் பார்த்து 2001இல் வெளியிட்ட ஆய்வில், கெட்ட கனவுகள் குறைந்தன, உறக்கமும் மேம்பட்டது. நனவில் எழுதப்பட்ட திருத்தத்தைக் கனவு ஏற்றுக்கொள்கிறது என்பதை நான் மிகப் பெரிய செய்தியாக நினைக்கிறேன். மேலே சொன்ன நான்கு ஷரத்துகளும் ஒருவர் மற்றவரைத் தடுப்பதைப் பற்றியவை. இது ஒன்றுதான் ஒருவருக்கொருவர் உதவுவதைப் பற்றியது. உங்கள் கதையின் நடுப்பகுதி இதன் மேல் நிற்கலாம்.

இனி, கையெழுத்து. இரு தரப்புக்கும் செல்லத்தக்க தூதர் ஒருவர் வேண்டும். காதலர் அனுப்பிய தூதோடு வந்த கனவுக்கு என்ன விருந்து படைப்பேன் என்று தவிக்கிறாள் அதே குறள் அதிகாரத்தின் முதல் பாடலின் தலைவி; தூதரை வரவேற்கும் முறை நம் மரபில் இருக்கிறது. அறிவியல் கண்ட தூதர், தான் கனவு காண்கிறேன் என்பதைக் கனவுக்குள்ளேயே உணர்பவர். 1975 ஏப்ரலில் இங்கிலாந்தின் ஹல் பல்கலைக்கழகத்தில் கீத் ஹெர்ன், ஆலன் வொர்ஸ்லி என்பவரிடம் முன்கூட்டியே ஓர் ஏற்பாடு செய்துகொண்டார். கனவு என்று உணர்ந்ததும் வொர்ஸ்லி தம் கண்களைக் குறித்த விதத்தில் இடமும் வலமுமாக அசைத்தார். கருவியில் அது பதிவானது. கனவிலிருந்து வந்த முதல் தந்தி என்று அதைச் சொல்லலாம். 2021இல் அமெரிக்கா, பிரான்ஸ், ஜெர்மனி, நெதர்லாந்து ஆகிய நாடுகளின் நான்கு ஆய்வகங்கள் சேர்ந்து இருவழிப் பேச்சையே நடத்திக்காட்டின. எட்டிலிருந்து ஆறு போனால் எவ்வளவு என்று உறங்குபவரிடம் கேட்டார்கள். கண்கள் இரண்டு முறை இடம்வலமாக அசைந்தன. வேறொருவர் தம் கனவில் காரின் ரேடியோ வழியாகக் கேள்வி வந்ததாகச் சொன்னார். ஐந்தில் ஒன்றுக்கும் சற்றுக் குறைவான முயற்சிகளுக்கே சரியான பதில் கிடைத்தது. எந்தச் சமாதானப் பேச்சின் தொடக்கமும் அப்படித்தான் இருக்கும்.

எனவே உங்கள் கையெழுத்துக் காட்சியில் பேனாவையும் முத்திரையையும் வைக்காதீர்கள். முதல் ஷரத்தின்படி தூதரின் கை அசையாது. அது ஏற்கெனவே அமலுக்கு வந்துவிட்டது. மூச்சை விட்டால், விலக்களிக்கப்பட்டவை கண்கள்தான். நனவுத் தரப்பின் அதிகாரி படுக்கையருகே அமர்ந்து ஷரத்துகளை ஒவ்வொன்றாக உரக்கப் படிக்கட்டும். ஒவ்வொன்றுக்கும் தூதரின் மூடிய இமைகளுக்குள் விழி இடமும் வலமும் போய்வந்தால் ஒப்புதல். எந்த ஷரத்துக்கு விழி அசையாமல் இருக்கப்போகிறது என்பதை மட்டும் நீங்கள் முடிவு செய்யுங்கள். நான் எழுதினால் நான்காவதற்கு அசையாது.